ஒரே கேம் பாய், ஊருக்கு ஒரு மொழி: யார் இந்த குன்பெய் யோகோய்?

போனில் ஒரு கேமை டவுன்லோடு செய்கிறீர்கள். ஆங்கிலம் பிடிக்கவில்லையா? செட்டிங்ஸுக்குப் போய் மொழியை மாற்றிவிட்டு ஆடலாம். 30 வருஷத்துக்கு முன்னால் இந்த வசதி கிடையாது. அன்றைக்குக் கையடக்க கேம் என்பது தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிய பிளாஸ்டிக் கார்ட்ரிட்ஜ். அதற்குள் இருக்கும் சிப்பில் எந்த மொழியை எழுதி அனுப்பினார்களோ, அந்த மொழிதான். ஜப்பானில் வாங்கினால் ஜப்பானிய மொழி. ஜெர்மனியில் வாங்கினால் ஜெர்மன்.

அந்தக் கார்ட்ரிட்ஜைச் செருகி விளையாடும் கருவி மட்டும் உலகம் முழுக்க ஒன்றுதான். டோக்கியோவில் வாங்கிய கார்ட்ரிட்ஜ், சிங்கப்பூரில் வாங்கிய கேம் பாயிலும் ஓடும். துபாயில் வாங்கியதிலும் ஓடும். கருவிக்கு நாடு கிடையாது, கார்ட்ரிட்ஜுக்கு மொழி உண்டு.

இந்தக் கேம் பாயை உருவாக்கிய நின்டெண்டோ குழுவின் தலைவர் குன்பெய் யோகோய். 1997-ல், 56 வயதில், ஒரு சாலை விபத்தில் இறந்துபோனார். அவருடைய கருவி பல மொழிகள் பேசி உலகத்தையே சுற்றிவந்தது, பெரும்பாலும் அதற்குப் பிறகுதான்.

சீட்டுக்கட்டு மெஷினைப் பார்த்துக்கொள்ள வந்தவர்

யோகோய் பிறந்தது 1941 செப்டம்பர் 10, ஜப்பானின் கியோட்டோ நகரில். அங்கேயே தோஷிஷா பல்கலைக்கழகத்தில் எலக்ட்ரானிக்ஸ் படித்தார். 1965-ல் நின்டெண்டோவில் வேலைக்குச் சேர்ந்தார். அப்போது அது வீடியோ கேம் கம்பெனியே இல்லை. 1889-லிருந்து ஹனஃபுடா என்ற ஜப்பானியச் சீட்டுக்கட்டு தயாரிக்கும் கம்பெனி. சீட்டு அடிக்கும் மெஷின்களைப் பழுதில்லாமல் பார்த்துக்கொள்வதுதான் யோகோயின் வேலை.

வேலை இல்லாத நேரத்தில் சும்மா இருக்க முடியாமல், கத்தரிபோல விரிந்து நீளும் ஒரு கையைச் செய்து விளையாடிக்கொண்டிருந்தார். கம்பெனித் தலைவர் ஹிரோஷி யமௌச்சி அதைப் பார்த்துவிட்டார். திட்டு விழும் என்று பார்த்தால், இதையே பொம்மையாகச் செய் என்று உத்தரவு வந்தது. 1966-ல் அது அல்ட்ரா ஹேண்ட் என்ற பெயரில் கடைக்கு வந்து 10 லட்சத்துக்கு மேல் விற்றது. மெஷின் பார்த்த ஆள், பொம்மை வடிவமைப்பாளர் ஆனார்.

1969-ல் வந்த லவ் டெஸ்டர் அவருடைய மூளை வேலை செய்யும் விதத்தை நன்றாகக் காட்டும். இரண்டு பேர் கைகோத்துக்கொண்டு கருவியைப் பிடித்தால், அவர்களுக்குள் எவ்வளவு காதல் என்று முள் காட்டும். உண்மையில் அது உடம்பு வழியாகப் பாயும் சிறிய மின்னோட்டத்தை அளக்கும் சாதாரண மீட்டர். எந்த மின்சாதனக் கடையிலும் கிடைக்கிற சரக்கு. அதை வைத்து, தயங்கி நிற்கும் இரண்டு பேர் கையைப் பிடித்துக்கொள்ள ஒரு சாக்கை உண்டாக்கிவிட்டார்.

புதுசாக வந்த, விலை அதிகமான தொழில்நுட்பத்தின் பின்னால் ஓட வேண்டாம். நன்றாகப் பழகி, விலை இறங்கிப்போன பொருளை யாரும் நினைக்காத இடத்தில் பயன்படுத்து. வாழ்நாள் முழுக்க யோகோய் பின்பற்றிய சூத்திரம் இதுதான்.

புல்லட் ரயிலில் ஒரு கால்குலேட்டர்

1970-களின் கடைசி. புல்லட் ரயிலில் போகும்போது, அலுத்துப்போன ஒரு பயணி கால்குலேட்டர் பட்டன்களைத் தட்டிப் பொழுதைப் போக்குவதை யோகோய் கவனித்தார். பெரியவர்கள்கூடக் கூச்சமில்லாமல் கைக்குள் மறைத்து ஆடுகிற மாதிரி ஒரு சின்னக் கேம் இருந்தால் என்ன என்று தோன்றியது.

யோசனை தலைவரின் காதுக்குப் போன விதமும் சுவாரசியம். யமௌச்சியின் ஓட்டுநர் வராத ஒரு நாளில், காரை ஓட்டும் பொறுப்பு யோகோயிடம் வந்தது. ஓட்டிக்கொண்டே விஷயத்தைச் சொல்லிவிட்டார். அப்போது கால்குலேட்டர் கம்பெனிகளுக்குள் கடும் போட்டி, எல்.சி.டி. திரை மலிந்துவிட்டது. ஷார்ப் நிறுவனம் திரையைக் கொடுக்க, 1980-ல் கேம் அண்ட் வாட்ச் வரிசை வெளிவந்தது. ஒரு கருவியில் ஒரு கேம், கூடவே கடிகாரம். மொத்தம் 4 கோடிக்கு மேல் விற்றது.

1982-ல் அந்த வரிசையில் வந்த டாங்கி காங்கில், இடது கட்டைவிரலுக்காகக் கூட்டல் குறி வடிவில் ஒரு பட்டன் வைத்தார். இன்றைக்கு எந்த கேம் கன்ட்ரோலரை எடுத்தாலும் அந்தப் பட்டனோ அதன் வாரிசோ இருக்கும்.

கேம் அண்ட் வாட்சில் ஒரு குறை இருந்தது. கேம் அலுத்துவிட்டால் கருவியே வீண். அதற்கு விடையாக வந்ததுதான் கார்ட்ரிட்ஜ் மாற்றி ஆடும் கேம் பாய்.

மங்கலான திரை, தெளிவான கணக்கு

1989 ஏப்ரல் 21. ஜப்பானில் 12,500 யென் விலையில் கேம் பாய் விற்பனைக்கு வந்தது. 160-க்கு 144 புள்ளிகள் கொண்ட திரை. பச்சை கலந்த நான்கு சாயல்கள், அவ்வளவுதான். வண்ணம் இல்லை, திரைக்குப் பின்னால் விளக்கும் இல்லை. பொறியியல் வேலையில் சதோரு ஒகாடாவின் பங்கு பெரியது; யோகோய் குழுவின் தலைவர்.

அதே 1989-ல் அட்டாரியின் லிங்க்ஸ் வந்தது. அடுத்த வருஷம் சேகாவின் கேம் கியர் வந்தது. இரண்டிலும் வண்ணத் திரை, உள்ளே விளக்கு. ஆனால் 6 பேட்டரி போட்டும் சில மணி நேரம்தான் தாங்கும். கேம் பாய்க்கு 4 டபுள் ஏ பேட்டரி போதும். சுமார் 15 மணி நேரம் ஓடும். கீழே விழுந்தாலும் சட்டென்று உடையாது. பள்ளிக்கூடப் பையனின் பாக்கெட் மணிக்கு எது கட்டுப்படியாகும் என்று பெரிய ஆராய்ச்சி தேவையில்லை. வண்ணத் திரைகள் தோற்றன. பின்னால் வந்த கேம் பாய் கலரையும் சேர்த்து, உலகம் முழுக்க 11.8 கோடிக்கு மேல் விற்றது.

பூட்டு இல்லாத கருவி

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வரலாம். நின்டெண்டோவின் டிவி கருவி ஜப்பானில் ஃபேமிகாம். அமெரிக்காவில் அதற்கு என்.இ.எஸ். என்று பெயர். ஃபேமிகாம் கார்ட்ரிட்ஜில் 60 முனைகள், என்.இ.எஸ். கார்ட்ரிட்ஜில் 72. ஒன்று மற்றதில் நுழையவே நுழையாது. போதாக்குறைக்கு என்.இ.எஸ். உள்ளே ஒரு பூட்டுச் சிப் வேறு. பகுதி மாறினால் கேம் ஓடாது. இதைத்தான் ரீஜன் லாக் என்கிறார்கள்.

இன்னொரு சிக்கல் டிவி. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் டிவி படம் நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படும். ஐரோப்பாவிலும் இந்தியாவிலும் 50 முறை. ஒரு பகுதிக்காகச் செய்த கேம் இன்னொரு பகுதியின் டிவியில் வேகம் குறைந்து, ஆமைபோல நகரும்.

கேம் பாயில் திரை கருவியோடு சேர்ந்தே வருகிறது. எந்த நாட்டு டிவியாக இருந்தால் அதற்கென்ன? மின்சாரமும் பேட்டரியிலிருந்து வருகிறது. எந்த நாட்டு பிளக் பாயின்டும் வேண்டாம். கருவியை ஆன் செய்ததும் அது கார்ட்ரிட்ஜில் நின்டெண்டோ பெயர்ச்சின்னம் சரியாக இருக்கிறதா என்று சோதிக்கும். இல்லையென்றால் கேம் தொடங்காது. அனுமதியில்லாமல் கேம் விற்பவர்களைத் தடுக்க அந்தச் சோதனை. கார்ட்ரிட்ஜின் தகவல் பகுதியில் இது ஜப்பானுக்கா, வெளிநாட்டுக்கா என்று ஒரு குறியும் உண்டு. வேடிக்கை என்னவென்றால், அந்தக் குறியைப் பார்த்துக் கருவி எதையும் தடுப்பதில்லை. உறையில் முகவரி இருக்கிறது; ஆனால் வாசலில் காவலாளி இல்லை.

8-க்கு 8 கட்டத்துக்குள் எழுத்து

கருவி எல்லை தாண்டிவிட்டது. மொழி தாண்டியதா?

கேம் பாய் திரையை 8-க்கு 8 புள்ளிகள் கொண்ட சின்னக் கட்டங்களாகத்தான் வரையும். குறுக்கே 20 கட்டம், நெடுக்கே 18 கட்டம். ஆங்கில எழுத்து ஒன்று ஒரு கட்டத்தில் வசதியாக உட்காரும். ஜப்பானிய மொழியின் அசையெழுத்துகளான கனாவும் உட்காரும். கோடுகள் நெருங்கிய காஞ்சி எழுத்துகளுக்கு அந்த இடம் போதாது. அதனால்தான் 1996-ல் ஜப்பானில் வந்த முதல் போகிமான் கேம்கள் முழுக்க கனாவிலேயே இருந்தன.

கார்ட்ரிட்ஜ்களை மூன்று வகையாகப் பிரிக்கலாம். முதல் வகை, வார்த்தையே அதிகம் தேவைப்படாதவை. கேம் பாயோடு அறிமுகமான சூப்பர் மரியோ லேண்ட் அப்படித்தான். ஓடு, தாவு, விழாதே. உலகத்துக்கெல்லாம் ஒரே பதிப்பு போதும். டெட்ரிஸும் இந்த ரகம். விழும் கட்டைகளை அடுக்க மொழி எதற்கு? அதிலும் ஒரு குட்டி வித்தியாசம் உண்டு. ஜப்பானில் முதலில் வந்த டெட்ரிஸ் கார்ட்ரிட்ஜில், இன்று எல்லோருக்கும் தெரிந்த அந்த ரஷ்ய நாட்டுப்புற மெட்டு இல்லை. அந்த இடத்தில் வேறு இசை இருந்தது.

இரண்டாவது வகை, ஊரைவிட்டே கிளம்பாதவை. கேம் பாயோடு அதே நாளில் வந்த யாகுமன் என்ற மாஜாங் கேம் ஜப்பானோடு நின்றுவிட்டது.

மூன்றாவது வகை, கதை பேசுபவை. 1993-ல் வந்த செல்டா வரிசையின் லிங்க்ஸ் அவேக்கனிங்குக்கு ஜப்பானியம், ஆங்கிலம், பிரெஞ்சு, ஜெர்மன் எனத் தனித்தனிக் கார்ட்ரிட்ஜ்கள். கருவி ஒன்று, கதை நான்கு மொழியில். ஆனால் ஒரு கார்ட்ரிட்ஜுக்குள் ஒரு மொழிதான்.

விழுந்த இடம்

யோகோயின் அடுத்த பெரிய முயற்சி விர்ச்சுவல் பாய். கண்ணை உள்ளே வைத்துப் பார்த்தால் ஆழம் தெரியும் முப்பரிமாணக் கருவி. படம் முழுக்கச் சிவப்பு நிறம். 1995-ல் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் வந்தது. கழுத்து வலித்தது, கண் வலித்தது, விலையும் அதிகம். மொத்தம் 22 கேம்களோடு கதை முடிந்தது. ஐரோப்பாவை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. சுமார் 7.7 லட்சம் கருவிகள்தான் விற்றன.

1996 ஆகஸ்டில், 31 வருஷம் வேலை பார்த்த நின்டெண்டோவிலிருந்து யோகோய் விலகினார். விர்ச்சுவல் பாய் தோல்விக்குத் தண்டனை என்று பத்திரிகைகள் எழுதின. அது காரணம் இல்லை, தனியாக இயங்க வேண்டும் என்பது பழைய திட்டம் என்று அவரே பிறகு விளக்கினார். போவதற்கு முந்தைய மாதம் மெலிந்த, திரை தெளிந்த கேம் பாய் பாக்கெட் வெளிவந்தது. பிறகு கோட்டோ என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, பண்டாய் நிறுவனத்துக்காகப் புதிய கையடக்கக் கருவி ஒன்றில் வேலை செய்யத் தொடங்கினார்.

1997 அக்டோபர் 4. இஷிகாவா மாகாணத்தின் ஹோகுரிகு அதிவேகச் சாலையில் அவர் பயணம் செய்த கார் முன்னால் இருந்த லாரியில் மோதியது. என்ன ஆயிற்று என்று பார்க்க இறங்கியவர்மீது வேறொரு கார் மோதியது. யோகோய் உயிர் பிழைக்கவில்லை.

அவர் பார்க்காத உலகப் பயணம்

அவர் நின்டெண்டோவை விட்டு விலகிய வருஷத்தில்தான் போகிமான் ஜப்பானில் சூடு பிடித்தது. இரண்டு கேம் பாய்களைக் கேபிளால் இணைக்கும் வசதியைப் பார்த்து, அதன் வழியாகப் பூச்சி ஊர்ந்து போவதுபோலச் சதோஷி தஜிரி கற்பனை செய்தார், போகிமான் பிறந்தது. பழசாகிப்போன கேம் பாய்க்கு அது மறுபிறவி கொடுத்தது.

1998-ல் ஆங்கிலப் பதிப்பு அமெரிக்காவுக்குப் போனது. அடுத்து ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலியன், ஸ்பானிஷ். கேட்பதற்குச் சின்ன வேலைபோலத் தெரியும். அப்படியில்லை. ஜப்பானியக் கார்ட்ரிட்ஜில் மொத்த கேமும் 512 கிலோபைட்டுக்குள் அடங்கியது. ஆங்கிலப் பதிப்புக்கு 1 மெகாபைட், அதாவது இரண்டு மடங்கு சிப் தேவைப்பட்டது. இன்று வாட்ஸ்அப்பில் வரும் ஒரு போட்டோவே சில சமயம் அதைவிடப் பெரிசு.

151 பூச்சி, பிராணிகளில் பலவற்றுக்கு ஆங்கிலம், பிரெஞ்சு, ஜெர்மன் பதிப்புகளில் வேறுவேறு பெயர் வைத்தார்கள். ஜப்பானில் ஃபுஷிகிதானே என்ற பிராணி ஆங்கிலத்தில் பல்பசார், பிரெஞ்சில் பல்பிசார், ஜெர்மனில் பிசாசாம். நம் காதுக்கு ஜெர்மன் பெயர் கொஞ்சம் பயமாகத்தான் இருக்கிறது. பிகாச்சுவோ எங்கேயும் பிகாச்சுதான்.

பெயர் நீளத்தில்தான் பெரிய சிக்கல். ஜப்பானியப் பதிப்பில் ஆடுபவர் தன் பெயரை 5 எழுத்துக்குள் தர வேண்டும். ஆங்கிலத்தில் 7 எழுத்து. இலுப்பூரையே எடுத்துக்கொள்வோம். புதுக்கோட்டை மாவட்டத்து ஊர்ப்பெயரை ஒருவர் தன் பெயராக வைக்க நினைக்கிறார். ஆங்கிலத்தில் ஒரு எல் போட்டு எழுதினால் சரியாக 7 எழுத்து; கச்சிதம். இரண்டு எல் போட்டால் 8. கடைசி எழுத்துக்கு இடமில்லை. ஜப்பானியக் கனாவில் எழுதினால் 6 எழுத்து. ஒன்றை வெட்டியாக வேண்டும்.

இந்த வித்தியாசம் கேமின் அடிமடியிலேயே கை வைத்தது. ஜப்பானியக் கார்ட்ரிட்ஜும் ஆங்கிலக் கார்ட்ரிட்ஜும் தகவலை அடுக்கும் விதம் வேறுவேறு. இரண்டையும் கேபிளால் இணைத்துப் பிராணிகளை மாற்றிக்கொள்ள முயன்றால், சேமித்துவைத்த விளையாட்டே குழம்பிப்போகலாம். ஆங்கிலமும் ஐரோப்பிய மொழிகளும் தங்களுக்குள் பேசிக்கொள்ளும். ஜப்பானியத்தோடு மட்டும் பேசாது. கருவியில் இல்லாத பூட்டு, மொழி வழியாக உள்ளே வந்துவிட்டது.

பழைய கார்ட்ரிட்ஜ் வாங்குகிறீர்களா?

பழைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களை ஆன்லைனில் தேடி வாங்கும் ஆட்கள் இப்போது அதிகம். லேபிளில் இருக்கும் குறியீட்டைப் படிக்கத் தெரிந்தால் ஏமாற வேண்டாம். போகிமான் ரெட் கார்ட்ரிட்ஜில் டி.எம்.ஜி. என்று தொடங்கும் (டாட் மேட்ரிக்ஸ் கேம் என்பதன் சுருக்கம்). அடுத்து நான்கு எழுத்து. அதில் நான்காவது எழுத்துதான் மொழி. ஜே என்றால் ஜப்பானியம், ஈ ஆங்கிலம், டி ஜெர்மன், எஃப் பிரெஞ்சு, ஐ இத்தாலியன், எஸ் ஸ்பானிஷ். கடைசி மூன்று எழுத்து விற்பனைப் பகுதி. ஜே.பி.என். என்றிருந்தால் ஜப்பான், யு.எஸ்.ஏ. என்றால் அமெரிக்கா, என்.ஓ.இ. என்றால் ஜெர்மன் சந்தை. எதை வாங்கினாலும் கருவியில் ஓடும். படிக்கத் தெரியுமா என்பதுதான் கேள்வி. மிகப் பழைய கேம்களில் மொழி எழுத்து இருக்காது. பகுதிக் குறியை மட்டும் நம்ப வேண்டும்.

தமிழ் ஏன் உள்ளே போகவில்லை?

இலுப்பூர் மாதிரியான ஊர்களில் 90-களில் வளர்ந்தவர்களுக்குப் பழக்கமானது கேம் பாய் அல்ல. அதன் சாயலில் வந்த, கட்டை அடுக்கும் மலிவான பிரிக் கேம்தான். 9999 கேம் என்று மேலே எழுதியிருக்கும். உள்ளே சில கேம்களே திரும்பத் திரும்ப வரும். அதற்கு எந்த மொழியும் தேவைப்படவில்லை. அசல் கேம் பாய் பெரும்பாலும் வெளிநாட்டில் இருந்த சொந்தக்காரர்களின் பெட்டியில்தான் வந்தது. எந்த நாட்டிலிருந்து வந்தாலும் கார்ட்ரிட்ஜ் ஓடியது. அதில் தமிழ் மட்டும் இல்லை.

கருவியால் முடியாது என்பதா காரணம்? க, ட, ப போன்றவை ஒரு கட்டத்தில் அடங்கும். ண, ஞ போன்ற அகலமான எழுத்துகளுக்கு இரண்டு கட்டம் தேவைப்படலாம். பேருந்து முகப்பில் ஓடும் எல்.இ.டி. எழுத்தைப் பார்த்திருந்தால் இந்தச் சிரமம் புரியும். இலுப்பூர் என்பது தமிழில் 5 எழுத்துதான். ஜப்பானிய எல்லைக்குள்ளேயே வருகிறது. ஆனால் இ, லு இரண்டும் பக்கத்துக் கட்டத்தையும் கேட்கும். கஷ்டம்தான், ஆனால் முடியாத காரியம் அல்ல.

போகிமான் ஐரோப்பிய மொழிகளுக்குப் போன அதே 1999-ல்தான், சென்னையில் தமிழ்நெட் 99 மாநாடு கூடியது. கணினியில் தமிழை எந்த விசைப்பலகையில் அடிப்பது, எந்தக் குறியீட்டில் வைப்பது என்று அப்போதுதான் தரம் வகுத்துக்கொண்டிருந்தோம். அந்தப் பக்கம், இந்தியாவை நின்டெண்டோ பெரிய சந்தையாகக் கருதவில்லை. ஒரு மொழிக்குக் கார்ட்ரிட்ஜ் போட வேண்டும் என்றால், தனிச் சிப், தனி லேபிள், தனிப் பெட்டி, அத்தனையும் விற்றாக வேண்டும். கணக்கு அங்கேதான் இடித்தது.

இன்று அந்தச் செலவுகள் இல்லை. 2023-ல் போகிமான் கோவில் இந்தி சேர்ந்தது. நூற்றுக்கணக்கான பிராணிகளுக்கு இந்திப் பெயர் வந்தது. தமிழ் இன்னும் வரவில்லை. இப்போது இடம் போதவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. எத்தனை பேர் கேட்கிறார்கள் என்பதுதான் மிச்சம்.

யோகோய் கடைசியாக வேலை செய்த கருவி வொண்டர்ஸ்வான், அவர் இறந்து ஒன்றரை வருஷம் கழித்து 1999 மார்ச்சில் வந்தது. ஒரே ஒரு டபுள் ஏ பேட்டரியில் ஓடும். குறுக்கேயும் நெடுக்கேயும் பிடித்து ஆடலாம். அதில் வந்த ஒரு புதிர் கேமுக்கு அவர் நினைவாகக் குன்பெய் என்றே பெயர். அந்தக் கருவி அமெரிக்காவிலோ ஐரோப்பாவிலோ வெளியாகவில்லை. அதன் கார்ட்ரிட்ஜ்களும் பெரும்பாலும் ஜப்பானிய மொழியிலேயே நின்றுவிட்டன.